நான் ஒரு காலணி: தேர்வும் நம் பிள்ளைகளின் தமிழும்



கழகச் செயலாளர் என்னைத் தொலைபேசியில் அழைத்து, தேர்வையும் தாய்மொழியையும் பற்றி 40 நிமிடம் பேசவேண்டும் என்றார். 40 நிமிடத்திற்கு எத்தனை கருத்து என்று கேட்டேன். அவருக்கு என் கேள்வி விளங்கவில்லை. 32 ஆண்டுகள் தமிழ்ப்பள்ளியில் பணியாற்றியவனுக்கு அந்தக் கேள்வி தானாகவே வாயில் வந்துவிடும். முன்னுரை ஒன்று, கருத்து நான்கு, முடிவுரை ஒன்று. கருத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு விளக்கம், ஒரு சான்று. இடையிடையே பழமொழி இரண்டு, குறள் ஒன்று. கட்டுரை என்பது இதுதான் என்று நானே ஆயிரக்கணக்கான பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். இன்று அந்த அமைப்பை விட்டு விலகிப் பேச எண்ணுகிறேன். மதிப்பெண் குறைந்தால் அவையோர் பொறுத்தருள வேண்டும்.

தேர்வைப் பற்றிப் பேசும் தமிழன் தருமியிடமிருந்து தொடங்குவதே முறை. திருவிளையாடற் புராணத்தில் வரும் அந்த ஏழை இளைஞனை நாமெல்லாம் அறிவோம். மன்னன் மனத்தில் இருக்கும் ஐயத்திற்கு விடைகூறும் பாடலுக்குப் பொற்கிழி பரிசு. தருமிக்கோ பொன் வேண்டும், பாட வராது. விடையை வேறொருவர் எழுதிக் கொடுத்தார். அவன் அதைச் சங்கத்தில் பிழையின்றிப் படித்தான். நக்கீரர் குற்றம் கூறியதும் அவனால் மறுமொழி சொல்ல இயலவில்லை. மாதிரிக் கட்டுரையை மனப்பாடம் செய்து தேர்வுக்குச் சென்ற மாணவர்களுள் நம் மரபு அறிந்த முதல்வன் அவன்தான். அவனுக்கு வாய்த்த பிரத்தியேக வகுப்பு ஆசிரியர் சிவபெருமான், கட்டணமும் வாங்கவில்லை. இந்தக் கதையை வகுப்பில் கூறும்போதெல்லாம் பிள்ளைகள் நக்கீரர் பக்கமே கைதூக்குவார்கள். எனக்குத் தருமியின்மீதுதான் இரக்கம். வறுமையிலிருந்து வெளியேற அவனுக்குத் தெரிந்த வாயில் அந்தப் பொற்கிழி ஒன்றே. கிழியைத் தொங்கவிட்டவன் பாண்டியன். நெற்றிக்கண் சுட்டது நக்கீரரை. பாண்டியனை எவரும் ஒன்றும் கேட்கவில்லை.

நம் அண்டை வீட்டுச் சீனரின் முன்னோர் இத்துறையில் நம்மினும் பல படி மேலே சென்றவர்கள். அரசுப் பதவிக்கான தேர்வை அவர்கள் 1,300 ஆண்டுக்கு மேல் நடத்தி, 1905ஆம் ஆண்டில்தான் கைவிட்டார்கள். மிங், சிங் பேரரசுகளின் காலத்தில் அத்தேர்வுக்கென்றே ஒரு கட்டுரை வடிவம் இருந்தது. எட்டுக்கால் கட்டுரை என்று அதற்குப் பெயர். எட்டு உறுப்பு, ஒவ்வொன்றுக்கும் வகுத்த இடம், வகுத்த முறை. அறிவாளிகள் தலைமுறை தலைமுறையாக அந்த எட்டுக் காலுக்குள் தங்கள் இளமையைக் கழித்தார்கள். நான்கு முறை எழுதியும் தேறாத ஒருவர் பின்னர்ப் பெருங்கலகம் ஒன்றுக்குத் தலைவரானார். ஹுங் சியூசுவான் என்பது அவர் பெயர். 1850 முதல் 1864 வரை சீனம் தைப்பிங் போரில் எரிந்தது. அதற்குத் தேர்வு ஒன்றே காரணம் என்று நான் கூறமாட்டேன். ஆயினும், வினாத்தாள் திருத்துவோர் சற்று நிதானமாகத் திருத்துவது நாட்டுக்கு நல்லது.

நம் நாட்டுக்கு வருவோம். ஆறாம் ஆண்டு மாணவர்க்கான யூபிஎஸ்ஆர் தேர்வு 1988இல் தொடங்கியது. அதற்குமுன் ஐந்தாம் வகுப்பில் மதிப்பீட்டுத் தேர்வு ஒன்று இருந்தது. அதற்கு யாரும் பெரிதாக அஞ்சியதாக எனக்கு நினைவில்லை. யூபிஎஸ்ஆர் வந்தபின் காற்று மாறியது. கடைசியாக நடைபெற்ற 2019 வரை, 32 ஆண்டுகள், நம் சமூகத்தின் நாட்காட்டியில் தீபாவளி, தைப்பூசம், யூபிஎஸ்ஆர் என மூன்று பெருவிழாக்கள் இருந்தன.

மூன்றாம் விழாவின் சடங்குகளை இளையோர்க்காகச் சொல்லி வைக்கிறேன். ஆண்டுத் தொடக்கத்திலேயே ஆறாம் ஆண்டு வகுப்புக்கு விளையாட்டு நேரம் மறையும். அடுத்து ஓவியம், பிறகு இசை. மாலை வகுப்பு, சனிக்கிழமை வகுப்பு, விடுமுறை வகுப்பு எனப் பயிர்போல் வளரும். நாளேடுகள் வழிகாட்டிப் பக்கங்களை வெளியிடும். மண்டபங்களில் தேர்வுக் கருத்தரங்கு நடக்கும். அதன்பின் வருவது தன்முனைப்பு முகாம். அங்கே விளக்கை அணைத்து, உருக்கமான இசையை ஒலிக்கவிட்டு, "உன் தாய் உனக்காகச் சிந்திய வியர்வையை நினைத்துப் பார்" என்று ஒருவர் ஒலிவாங்கியில் முழங்குவார். பன்னிரண்டு வயதுப் பிள்ளை விம்மி அழும். பெற்றோரின் பாதத்தைத் தண்ணீரால் கழுவி மீண்டும் அழும். அழுத பிள்ளை அறிவியல் தாளில் கூடுதலாக எத்தனை வினாவுக்கு விடை எழுதியது என்று எவரும் கணக்கெடுத்ததில்லை. கடைசி வாரத்தில் கோயில் பூசை. பிள்ளையார் திருவடியில் பென்சில்களைக் கட்டுக்கட்டாக வைத்து எடுப்பார்கள். கணினி திருத்தும் விடைத்தாளுக்கு 2பி பென்சிலே வேண்டும் என்பதால் ஐங்கரனும் 2பி தவிர வேறு வகையைத் தொட்டு அருளியதில்லை.

சிரிக்கிறோம். சிரித்தவர்களில் பாதிப் பேராவது அந்தப் பென்சிலைக் கொண்டுபோய் வைத்தவர்கள்தாமே? நானும் கொண்டுபோனேன், தட்டை ஏந்தி நின்றேன்.

இப்படிச் செய்தோர் அறிவிலிகள் அல்லர் என்பதையும் சொல்லியாக வேண்டும். கேரித் தீவிலும் காப்பாரிலும் தோட்ட வரிசை வீட்டில் பிறந்த பிள்ளைக்கு உறவில் மருத்துவர் இல்லை, வழக்கறிஞர் இல்லை, பரிந்துரைக் கடிதம் எழுத ஆள் இல்லை. வினாத்தாள் ஒன்றே அவன் பெயரையும் தந்தையின் தொழிலையும் கேளாமல், அட்டை எண்ணை மட்டும் கேட்டது. 1982இல் தொடங்கப்பட்ட ஸ்ரீ முருகன் நிலையம் ஆண்டுதோறும் மாணவர்களைப் பத்துமலைக்குக் கல்வி யாத்திரை அழைத்துச் செல்கிறது. ஏளனம் செய்பவர்கள் அந்தப் படிக்கட்டின் கீழே நின்று பிள்ளைகளோடு வந்திருக்கும் தாய்மார்களின் முகத்தைப் பார்த்துவிட்டு ஏளனம் செய்யட்டும். அந்த யாத்திரை சென்றவர்களில் பலர் இன்று நம் நோய்க்கு மருந்து எழுதுகிறார்கள். தேர்வு ஏழைக்கு ஏணி என்பது பொய்யன்று.

ஆனால் அந்த ஏணியில் தமிழ்ப்பள்ளிப் பிள்ளைக்குக் கூடுதல் படிகள் இருந்தன. தேசியப்பள்ளி மாணவன் ஐந்து தாள் எழுதினான்; நம் பிள்ளை ஏழு. 2016இல் தேர்வமைப்பு மாறியபோது அது ஆறாகவும் எட்டாகவும் உயர்ந்தது. அவ்வாண்டு உயர்நிலைச் சிந்தனை வினாக்கள் பெருகின. நாடு முழுவதும் எல்லாப் பாடங்களிலும் ஏ பெற்றோர் 4,896 பேரே. முந்தைய ஆண்டினும் பன்மடங்கு குறைவு. சென்ற ஆண்டு வரை அறிவாளியாக இருந்த பிள்ளைகள் ஓராண்டில் எங்கே மறைந்தார்கள் என்று பலர் திகைத்தனர். மறைந்தது பிள்ளையன்று; மனப்பாடத்தின் விளைச்சல்தான். உடனே என்ன செய்தோம்? உயர்நிலைச் சிந்தனைக்கு மாதிரி விடை நூல்கள் அச்சிட்டோம். சுயமாகச் சிந்திப்பது எப்படி என்பதைப் பிள்ளைகள் பக்கம் பக்கமாக மனப்பாடம் செய்தார்கள்.

மலாய்மொழித் தாளில் தேறாத தமிழ்ப்பள்ளி மாணவன் இடைநிலைப்பள்ளியில் நேரே முதல் படிவத்திற்குச் செல்ல முடிந்ததில்லை. புகுமுக வகுப்பில் ஓராண்டு இருக்கவேண்டியிருந்தது. மற்றப் பிள்ளைகளுக்குத் தேர்வு ஓர் எழுத்தைத் தந்தது. இவனிடமிருந்து ஓர் ஆண்டை எடுத்துக்கொண்டது. புகுமுக வகுப்பு மொழியைச் சீர்செய்ய வந்த நல்ல ஏற்பாடு என்று வாதிடுவோர் உண்டு, இருக்கலாம். 13 வயதில் அந்த வகுப்பறையின் கடைசி வரிசையில் உட்கார்ந்தவர்களிடம் கேட்டால் வேறு விடை கிடைக்கும்.

2014ஆம் ஆண்டை எவரும் மறந்திருக்க மாட்டார்கள். செப்டம்பரில் அறிவியல், ஆங்கில வினாத்தாள்கள் முன்கூட்டியே வெளியே உலவின. அத்தேர்வுகளை அம்மாத இறுதியில் மறுபடி நடத்தினார்கள். பிறகு கணிதத்துக்கும் தமிழுக்கும் அதே கதி நேர்ந்தது. அக்டோபர் 9ஆம் நாள் மறுதேர்வு. அரசாங்க இரகசியச் சட்டத்தின்கீழ்ச் சிலர்மீது வழக்கும் தொடரப்பட்டது. ஐம்பது ஆண்டுகளாக, தமிழுக்கு இந்நாட்டில் மதிப்பில்லை என்று மேடைதோறும் முழங்கியவர்கள் நாம். தமிழ் வினாத்தாளும் திருடத்தக்க பொருளாயிற்று என்பதை அறிந்த அன்று என் நண்பர் ஒருவர், "ஐயா, நம் மொழி அரசாங்க இரகசியமாகிவிட்டது" என்றார். அவர் சிரித்துக்கொண்டே சொன்னாலும், மறுதேர்வு எழுத வந்த பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை. "நாங்கள் என்ன தப்பு செய்தோம் சார்?" என்று ஒரு சிறுமி கேட்டாள். அவளுக்கு உரிய விடை எந்த மாதிரி நூலிலும் இல்லை.

இனி நான் சொல்ல வந்த செய்திக்கு வருகிறேன். தேர்வு பிள்ளைகளின் உறக்கத்தையும் விளையாட்டையும் எடுத்துக்கொண்டதை எல்லாரும் பேசுகிறார்கள். அவர்களின் தமிழை அது என்ன செய்தது என்பதைத்தான் இந்த மொழிக்கழகத்தில் பேசவேண்டும்.

மொழியணி என்று ஒரு பகுதி உண்டு. மரபுத்தொடர், இணைமொழி, இரட்டைக்கிளவி, உவமைத்தொடர், பழமொழி என ஆண்டு வாரியாகப் பட்டியல் உண்டு. பட்டியல் நல்லது. ஆனால் கிள்ளான் ஆற்றங்கரையில் வளரும் பிள்ளைக்குச் "சலசல" என்பது நீரின் ஓசையன்று. 'ஆ' என்னும் விடை. அவன் பார்க்கும் ஆறு சலசலப்பதும் இல்லை, அது வேறு கதை. நான்கு விடையில் ஒன்றுக்கு வட்டம் தீட்டியதும் சொல்லின் ஆயுள் முடிந்தது. ஆறாம் ஆண்டு முடிவில் என் மாணவர்கள் நூற்றுக்கும் மேற்பட்ட மொழியணிகளை அறிந்திருந்தார்கள். இடைவேளையில் சிற்றுண்டிச் சாலையில் ஒன்றையேனும் நான் காதால் கேட்டதில்லை.

பணி ஓய்வுக்குப்பின் சாலாக் செலாத்தானில் என் வீட்டருகே மாலையில் சில பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக் கொடுக்கிறேன். 2021 டிசம்பரில் ஷா ஆலம் தாமான் ஸ்ரீ மூடாவை வெள்ளம் மூழ்கடித்ததே, அதன்பின் அங்கிருந்து உறவினர் வீட்டுக்கு வந்து தங்கியிருந்த ஐந்தாம் ஆண்டு மாணவி ஒருத்தி என் வகுப்பில் சேர்ந்தாள். வெள்ளத்தைப் பற்றி எழுதச் சொன்னேன். "சிறு துளி பெரு வெள்ளம் என்பதற்கொப்ப எங்கள் வீட்டில் தண்ணீர் புகுந்தது" என்று தொடங்கினாள். கட்டுரையில் பழமொழி இருக்கவேண்டும் என்பது அவளுக்குச் சொல்லப்பட்ட விதி. வெள்ளம் பற்றி அவளிடம் இருந்த பழமொழி அது ஒன்றே. சேமிப்பைப் பற்றிய பழமொழியல்லவா என்று திருத்த வாய் திறந்தேன். பிறகு, அந்த வீட்டில் மாடிப்படியில் ஓர் இரவு முழுதும் தண்ணீர் ஒவ்வோர் அங்குலமாக ஏறிவந்ததைப் பார்த்துக்கொண்டிருந்தவள் அவள்தான் என்பது நினைவுக்கு வந்தது. பழமொழியின் பொருளை அவள் என்னைவிடச் சரியாக அறிந்திருந்தாளோ என்னவோ. எழுதட்டும் என்று விட்டுவிட்டேன். மாடிப்படியைப் பற்றி அவள் ஒரு வரியும் எழுதவில்லை. "ஏன் எழுதவில்லை, அம்மா?" என்றேன். "அது கருத்தில் வராதே, ஐயா" என்றாள்.

கட்டுரை வகைகளில் தன்கதை என்று ஒன்றை நம் பள்ளிகளில் பயிற்றுகிறோம். தன்கதை என்றால் பிள்ளை தன் கதையை எழுதுவது என்று வெளியூரார் எண்ணக்கூடும். அன்று. பேனாவின் கதை, மிதிவண்டியின் கதை, குடையின் கதை, காலணியின் கதை. அஃறிணைப் பொருளொன்று தன் வரலாற்றைக் கூறும். கற்பனையை வளர்க்க எவரோ நல்ல மனத்தோடு தொடங்கிய வகைதான். நாளடைவில் அதற்கும் எட்டுக்கால் முளைத்தது. நான் இன்ன பொருள், இன்ன ஊர்த் தொழிற்சாலையில் பிறந்தேன், என் உடன்பிறப்புகளோடு கனவுந்தில் ஏற்றப்பட்டுக் கடைக்கு வந்தேன், ஒருநாள் தந்தையும் மகனும் வந்தார்கள், என்னை வாங்கினார்கள், என் எசமானர் என்னை அன்போடு பேணினார், காலம் சென்றது, முதுமை வந்தது, இன்று குப்பைத்தொட்டியில் கிடந்து என் சோகக்கதையைக் கூறுகிறேன். பொருளின் பெயரை மட்டும் மாற்றினால் போதும். பேனாவும் குடையும் ஒரே வாழ்க்கையை வாழ்ந்து, ஒரே குப்பைத்தொட்டியில் இறந்தன. 32 ஆண்டுகளில் நான் திருத்திய தன்கதைகளை அடுக்கினால் இம்மண்டபத்தின் கூரையைத் தொடும். அவற்றில் ஒன்றே ஒன்றுதான் நினைவில் நிற்கிறது.

1990களின் நடுப்பகுதி. கிள்ளான் துறைமுகத்தின் பக்கமுள்ள பள்ளியில் ஆறாம் ஆண்டுக்குத் தமிழ் கற்பித்தேன். பயிற்சித் தேர்வில் "நான் ஒரு காலணி" என்ற தலைப்பு. அந்நாளில் பள்ளிக் காலணி வெள்ளை நிறம். வெள்ளிக்கிழமை துவைத்து, ஞாயிற்றுக்கிழமை வெள்ளைப் பூச்சுப் பூசிக் காயவைக்க வேண்டும். வகுப்பில் 38 பேரும் மாதிரியின்படி எழுதியிருந்தார்கள். ஒரு பையன் மட்டும் வேறு எழுதினான். அவன் காலணி தொழிற்சாலையில் பிறக்கவில்லை. மாமா மகன் காலிலிருந்து வந்தது. அன்போடு பேணவும் படவில்லை. "என் எசமானரின் கால் வளர்ந்தது. நான் வளரவில்லை. அதனால் அவர் அம்மா என் பின்பக்கத்தைக் கத்தியால் வெட்டினார்கள். இப்போது குதிகால் வெளியே இருக்கிறது. மழை பெய்தால் பூச்சு கரைந்து என் எசமானரின் குதிகாலும் வெள்ளையாகிவிடும்." கட்டுரை அங்கே நின்றுவிட்டது. குப்பைத்தொட்டி இல்லை, காலணி இன்னும் பயன்பாட்டில் இருந்தபடியால் இருக்கலாம்.

நான் என்ன செய்தேன் என்பதை இந்த அவையில் மறைக்கப் போவதில்லை. சிவப்பு மையால் மூன்று குறிப்பு எழுதினேன். முன்னுரை போதாது. மொழியணி இல்லை. முடிவு இல்லை, மாதிரியைப் பார்த்து மறுபடி எழுதுக. மறுநாள் அவன் மறுபடி எழுதிக் கொடுத்தான். அதில் காலணி ஒரு தொழிற்சாலையில் பிறந்தது. முடிவில் குப்பைத்தொட்டியும் இருந்தது. முந்தையதைவிடக் கூடுதல் மதிப்பெண் இட்டேன். அவன் மகிழ்ந்தான், நானும் மகிழ்ந்தேன். அவன் காலைக் குனிந்து பார்க்கவேண்டும் என்று எனக்குத் தோன்றியது பல ஆண்டு கழித்து, பணி ஓய்வு பெற்றபின்.

என்னை யாரும் அப்படித் திருத்தச் சொல்லிக் கட்டாயப்படுத்தவில்லை. பள்ளியின் தேர்ச்சி விழுக்காடு அறிவிப்புப் பலகையில் தொங்கியது; பக்கத்துப் பள்ளியின் விழுக்காடும் எல்லார்க்கும் தெரிந்திருந்தது. அது போதுமானதாக இருந்தது.

தமிழில் சோதிக்கும் முறையே இல்லாமல் இருந்ததில்லை. அரங்கேற்றம் என்பதே ஒரு தேர்வுதான். உ.வே.சாமிநாதையர் 1880இல் கும்பகோணம் அரசினர் கல்லூரியில் தமிழாசிரியராகப் பணியேற்றபோது அவரிடம் தேர்வுச் சான்றிதழ் எதுவும் இல்லை. தம் இடத்திற்கு அவரைப் பரிந்துரைத்தவர் தியாகராச செட்டியார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் அவர் கற்றதை அறிந்தவர். அதே ஊரில், அதே கல்லூரியில், கால் நூற்றாண்டுக்குப்பின் இராமானுசன் கணிதத்தைத் தவிர மற்றவற்றில் தேறாமல் உதவித்தொகையை இழந்தார். ஒரே கட்டடம் இரண்டு மேதைகளைக் கண்டது. ஒருவரைச் செவியால் அறிந்தது, மற்றவரைத் தாளால் அறியாமல் விட்டது. செவிக்கும் குறை உண்டு. செவி வேண்டியவர் பேச்சைக் கேட்கும். ஆதலால் தாளே வேண்டாம் என்று கூறும் துணிவு எனக்கில்லை.

இடைநிலைப்பள்ளியில் கதை வேறு. தொடக்கப்பள்ளியில் தமிழ் கட்டாயம். எஸ்பிஎம் தேர்வில் அது விருப்பப் பாடம். 1996ஆம் ஆண்டுக் கல்விச் சட்டப்படி 15 மாணவரின் பெற்றோர் கேட்டால் தாய்மொழி வகுப்பு நடத்தலாம். பதினாறாம் பிள்ளையைத் தேடி ஆசிரியர் அலைந்த காலம் போய்ப் பதினைந்தாம் பிள்ளையைத் தேடும் காலம் இது. ஏன்? "தமிழ் எடுத்தால் ஏ குறையும்" என்று ஒரு வாக்கியம் நம் வீடுகளில் உலவுகிறது. எந்த அமைச்சும் அதை அச்சிடவில்லை. நாமே இயற்றி நாமே பரப்பினோம்.

பாட எண்ணிக்கையின் கதை இன்னும் சுவையானது. 2004ஆம் ஆண்டு எஸ்பிஎம் தேர்வில் ஒரு மாணவி 17 பாடங்களில் 1ஏ பெற்று நாட்டையே வியக்க வைத்தார். அதன்பின் பாடங்களைக் கூட்டிக் கூட்டி எழுதும் வெறி பரவியது. அதைத் தணிக்க 2010 முதல் 10 பாடங்களே எழுதலாம் என அரசு அறிவித்தது. நோய்க்கு மருந்துதான். ஆனால் பத்துக்குள் தமிழும் தமிழ் இலக்கியமும் அடங்கவில்லை. நம் அமைப்புகள் குரல் கொடுத்தன. அமைச்சரவை பத்தோடு இரண்டு கூட்டி எழுதலாம் என்றது. அந்த இரண்டும் அரசின் உபகாரச் சம்பளத்திற்குக் கணக்கில் வாரா. தமிழ் அந்த இரண்டில் போய் உட்கார்ந்தது. விருந்துக்கு வரலாம், இலை கிடையாது என்பதுபோல் ஓர் ஏற்பாடு. எனினும் வெயிலிலும் மாலையிலும் பள்ளிக்கு வெளியே இலக்கிய வகுப்பு நடத்திய ஆசிரியர்களும், பயன் ஒன்றும் கருதாமல் தமிழ் இலக்கியம் எழுதிய மாணவர்களும் ஆண்டுதோறும் இருந்தார்கள். இந்நாட்டில் மதிப்பெண்ணுக்காக அன்றித் தமிழ் படித்தவர் எவரேனும் உண்டா என்று யாராவது கேட்டால் அவர்களைத்தான் காட்டுவேன்.

நன்னெறிக் கல்வியையும் விட்டுவிட மனமில்லை. பழைய பாடத்திட்டத்தில் 36 நன்னெறிப் பண்புகள். ஒவ்வொன்றுக்கும் மலாயில் வகுத்த வரையறை. அதை எழுத்துப் பிசகாமல் ஒப்பிக்கவேண்டும். பரிவு என்பதன் வரையறையில் ஒரு முதன்மைச் சொல் தவறினால் பரிவின்றி மதிப்பெண் குறையும். நேர்மையின் வரையறையைச் சட்டைக் கைக்குள் எழுதி மறைத்து வந்த மாணவன் ஒருவனை இடைநிலைப்பள்ளி நண்பர் ஒருவர் பிடித்தார். என்ன தண்டனை கொடுப்பது என்று என்னைக் கேட்டார். அந்த வரையறையையே நூறு முறை எழுதச் சொல்லலாம் என்றேன். அதுதான் அவன் ஏற்கெனவே செய்துகொண்டிருந்த வேலை என்றார்.

பெருந்தொற்றால் 2020இல் யூபிஎஸ்ஆர் நடைபெறவில்லை. 2021 ஏப்ரல் 28ஆம் நாள் அது நீக்கப்பட்டதாகக் கல்வி அமைச்சர் அறிவித்தார். அடுத்த ஆண்டு பிடி3 தேர்வும் போயிற்று. பிள்ளைகளுக்கு விடுதலை கிடைத்தது என்று சிலர் எழுதினார்கள். நான் பார்த்தது வேறு. பெற்றோர் முகத்தில் ஏதோ இழவு விழுந்த சாயல். "இனி எதை வைத்துப் பிள்ளையைப் படிக்கச் சொல்வது?" என்று ஒரு தாய் என்னிடம் கேட்டார். மிக நேர்மையான கேள்வி. வகுப்பறை மதிப்பீட்டில் ஒன்று முதல் ஆறு வரை அடைவுநிலை உண்டு என்று விளக்கினேன். "ஆறு என்றால் ஏ-தானே, ஐயா?" என்றார். இல்லை, அது திறனைக் காட்டும் நிலை என்றேன். "சரி ஐயா, ஆனால் ஏ-தானே?" என்றார். ஆம் என்று சொல்லித் தப்பித்தேன். பின்னர் ஆண்டிறுதிக்கென வினாத்தாளும் ஏ, பி என்னும் எழுத்துகளும் திரும்பி வந்தபோது பலர் நிம்மதியாக மூச்சுவிட்டார்கள். யூபிஎஸ்ஆர் தேர்வையே மீட்டுக் கொண்டுவரவேண்டும் என்ற குரலும் ஓயவில்லை. மாதிரி நூல்களின் அட்டைதான் மாறியது. உள்ளே காலணி இன்னும் அதே தொழிற்சாலையில்தான் பிறக்கிறது.

சென்ற ஆண்டு கிள்ளானில் ஒரு திருமணம். உணவுக்கு வரிசையில் நின்றபோது, நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் வந்து என் காலைத் தொட்டு வணங்கினார். துறைமுகத்தில் கனவுந்து ஓட்டுவதாகவும் சொந்தமாக இரண்டு வண்டி வைத்திருப்பதாகவும் கூறினார். பெயரைச் சொன்னதும் அவன்தான் என்று அறிந்துகொண்டேன். நல்ல தோல் காலணி அணிந்திருந்தான்; அதைக் கவனிக்காமல் இருக்க முடியவில்லை. அந்தக் கட்டுரை நினைவிருக்கிறதா என்று கேட்டேன். "எந்தக் கட்டுரை, ஐயா?" என்றான். காலணி என்றேன். சற்று யோசித்து, "நீங்கள் எழுதித் தந்த மாதிரிதானே? இன்னும் மனப்பாடம்" என்று சொல்லி, முதல் பத்தியை அங்கேயே தட்டோடு நின்று ஒப்பித்தான். ஒரு சொல் பிசகவில்லை. தான் எழுதிய முதல் கட்டுரை அவனுக்கு நினைவில் இல்லை. கத்தியும் குதிகாலும் எனக்குத்தான் நினைவிருக்கின்றன.

பிறகு தன் மகளை அழைத்து என் முன் நிறுத்தினான். ஐந்தாம் ஆண்டு படிக்கிறாள். "தமிழில் கட்டுரைதான் வரவில்லை, ஐயா. எதையோ அவள் இஷ்டத்துக்கு எழுதுகிறாள். நல்ல மாதிரிக் கட்டுரை நூலாக ஒன்று சொல்லுங்கள்" என்றான்.

அந்தப் பிள்ளை என்னை நிமிர்ந்து பார்த்தது. "இஷ்டத்துக்கு எழுதியதை எடுத்து வந்து எனக்குக் காட்டு, அம்மா" என்றேன். தந்தை சிரித்துவிட்டு, "அதுக்கென்ன, ஐயா, காட்டுவாள். ஆனால் நூல் பெயர்?" என்றான். எனக்குப் பின்னால் வரிசை நகரத் தொடங்கியிருந்தது. தெங்கு கிளானா சாலையில் ஒரு கடையின் பெயரைச் சொன்னேன்.